ஒரு பெயர், இரு நிலையங்கள்: கோலாலம்பூர் மஸ்ஜித் ஜாமேக் இரயில் நிலையத்தின் வரலாறும் பெயர்களும்

ஓர் இடத்தின் வரலாறும் அவ்விடத்துப் பெயரின் வரலாறும் எப்போதும் ஒருசேர நடப்பதில்லை. இடம் மாறியபின்னும் பெயர் நிற்பதுண்டு. இடம் நிற்கப் பெயர் மாறுவதுண்டு. இடம் உருவாகும் முன்பே பெயர் நிலைபெற்றுவிடுவதும் உண்டு. மலேசியத் தலைநகரான கோலாலம்பூரின் மையப்பகுதியில் உள்ள மஸ்ஜித் ஜாமேக் இலகு இரயில் நிலையத்தின் வரலாறு இம்மூன்று நிலைகளையும் விளக்குகிறது. அவ்வரலாற்றையும், இடப்பெயர்களை மொழிபெயர்ப்போர்க்கு அது உணர்த்துவனவற்றையும் இக்கட்டுரை ஆராய்கிறது.

1. இடம்

கிள்ளான் ஆறும் கோம்பாக் ஆறும் கூடும் இடத்தில் தோன்றிய ஊர் கோலாலம்பூர். மலாய் மொழியில் 'குவாலா' என்பது ஆறுகள் கூடும் இடத்தையும் ஆற்றின் முகத்துவாரத்தையும் குறிக்கும். 'லும்பூர்' என்பது சேறு. தமிழர் இதனைக் கோலாலம்பூர் என ஒலிவழியே ஏற்றனர். ஆயினும் இறுதியில் நிற்கும் 'பூர்' என்னும் ஒலி, நாகபூர், சோலாப்பூர் போன்ற பெயர்களின் ஈற்றை ஒத்திருப்பதால், ஊரைக் குறிக்கும் விகுதியெனத் தமிழ் வாசகர்க்குத் தோன்ற இடமுண்டு. மூலத்தில் அவ்விகுதி இல்லை.

ஆறுகள் கூடும் அம்முனையில், பழைய மலாய் இடுகாடு இருந்த நிலத்தில், கட்டடக் கலைஞர் ஆர்தர் பெனிசன் ஹப்பக்கின் வடிவமைப்பில் எழுந்த ஜாமேக் பள்ளிவாசல் 1909இல் திறக்கப்பட்டது. 1965இல் தேசியப் பள்ளிவாசல் திறக்கப்படும்வரை நகரின் முதன்மைப் பள்ளிவாசலாக விளங்கியது இதுவே. இதன் அண்மையில் இந்திய முஸ்லிம்கள் நிறுவிய மஸ்ஜித் இந்தியாவும், நகரத்தார் வட்டித்தொழில் நடத்திய லெபோ அம்பாங் தெருவும் உள்ளன. எனவே இந்நிலையத்தின் சுற்றுப்புறம் தமிழ் வழக்கிற்குப் புதியதன்று.

2. இரு தடங்கள்

1990களில் கோலாலம்பூரில் இரண்டு இலகு இரயில் திட்டங்கள் இரு வேறு நிறுவனங்களால் நிறைவேற்றப்பட்டன. முதலாவது 'ஸ்டார்'. அதன் முதற்பகுதி, அம்பாங்கிலிருந்து சுல்தான் இஸ்மாயில் வரை, 1996 டிசம்பர் 16இல் இயங்கத் தொடங்கியது. நகருக்கு வெளியே பழைய இரயில் தடங்களைப் பயன்படுத்திக்கொண்ட இப்பாதை, நகர மையத்தில் தூண்களின்மேல் செல்கிறது. மஸ்ஜித் ஜாமேக் நிலையம் இம்முதற்பகுதியிலேயே அமைந்தது. 1998இல் பாதை வடக்கே செந்தூல் தீமோர் வரையும் தெற்கே ஸ்ரீ பெட்டாலிங் வரையும் நீண்டது.

இரண்டாவது திட்டம் 'புத்ரா'. ஓட்டுநரின்றித் தானே இயங்கும் வண்டிகளைக் கொண்ட இப்பாதையின் முதற்பகுதி 1998 செப்டம்பரிலும், பாசார் செனி நிலையத்திலிருந்து வடகிழக்கே செல்லும் பகுதி 1999 ஜூனிலும் திறக்கப்பட்டன. இரண்டாம் பகுதியிலேயே மற்றொரு மஸ்ஜித் ஜாமேக் நிலையம் நிலத்தடியில் அமைந்தது.

இவ்வாறு 1999 முதல் ஒரே பெயரில் இரு நிலையங்கள் நின்றன: ஒன்று தலைக்கு மேலே, மற்றொன்று தரைக்குக் கீழே. உரிமையாளர் வேறு, வண்டிகளின் தொழில்நுட்பம் வேறு, பயணச்சீட்டு வேறு. ஒன்றிலிருந்து மற்றொன்றிற்கு மாறுவோர் வாயிலைக் கடந்து வெளியேறி மீண்டும் சீட்டுப் பெற வேண்டியிருந்தது. வரைபடத்தில் இரண்டையும் இணைத்தது பெயர் ஒன்றே. 1997இல் தொடங்கிய ஆசிய நிதி நெருக்கடியின் பின் இரு நிறுவனங்களும் கடன் சுமையில் ஆழ்ந்தன. 2002இல் இரண்டும் பிரசரானா என்னும் அரசு நிறுவனத்தின் கீழ் வந்தன. ஆயினும் 2011 நவம்பரில்தான், வாயிலைக் கடக்காமலேயே ஒரு தடத்திலிருந்து மற்றொரு தடத்திற்கு மாறும் வசதி இந்நிலையத்தில் ஏற்பட்டது. பெயரில் இருந்த ஒருமை நடைமுறையில் வருவதற்குப் பன்னிரண்டு ஆண்டுகள் ஆயின.

3. மாறிய பெயர்களும் மாறாத பெயரும்

இக்காலத்தில் இந்நிலையத்தைச் சூழ்ந்த பெயர்கள் பல மாறின. 2005இல் ஸ்டார் பாதை அம்பாங் பாதை எனவும், புத்ரா பாதை கெலானா ஜெயா பாதை எனவும் பெயர் பெற்றன. பிற்காலத்தில் அம்பாங் பாதையின் ஒரு கிளை ஸ்ரீ பெட்டாலிங் பாதை எனத் தனிப்பெயர் பெற்றது. நிறுவனத்தின் பெயரைத் தாங்கிய 'டெர்மினல் புத்ரா' நிலையம் கோம்பாக் ஆயிற்று. 2017இல் பள்ளிவாசலே 'மஸ்ஜித் ஜாமேக் சுல்தான் அப்துல் சமத்' எனப் பெயரிடப்பட்டது. நிலையத்தின் பெயர் மட்டும் மாறவில்லை.

இதற்கு மறுதலையான சான்று தெற்கே அடுத்துள்ள 'பிளாசா ரக்யாட்' நிலையம். அருகில் எழவிருந்த பெரும் வளாகம் ஒன்றின் பெயரை அது 1996இலேயே ஏற்றது. நிதி நெருக்கடியில் அவ்வளாகத்தின் கட்டுமானம் பாதியில் நின்றது. நிலையத்தின் பெயர் நிலைத்தது. இங்குப் பெயர் பொருளுக்கு முந்தியது.

4. அடுத்தடுத்த நிலையங்களில் இரு அரபுச் சொற்கள்

ஜாமேக், ரக்யாட் ஆகிய இரண்டும் அரபு மூலத்தன. 'ஜாமிஃ' என்னும் சொல், கூடுதல் அல்லது சேர்த்தல் எனப் பொருள்படும் வேரிலிருந்து வருவது. வெள்ளிக்கிழமைத் தொழுகைக்கு மக்கள் கூடும் பள்ளிவாசலைக் குறிக்கிறது. தமிழில் வழங்கும் ஜும்மா, ஜமாஅத் ஆகியனவும், வருவாய்த் துறையின் 'ஜமாபந்தி'யில் உள்ள 'ஜமா'வும் இவ்வேரினவே. 'ரக்யாட்' என்பதன் மூலம் 'ரஇய்யத்'. மேய்த்தல் என்னும் பொருளுடைய வேரிலிருந்து தோன்றி, ஆளப்படுவோரைக் குறித்தது. இதுவே தமிழகத்தில் 'ரயத்து' ஆகி, ரயத்துவாரி முறையின் பெயரில் நிலைபெற்றது.

இங்கு இரு செய்திகள் கருதத்தக்கன. முதலாவது ஒலி பற்றியது. இவ்விரு சொற்களிலும் உள்ள 'ஐன்' என்னும் அரபுத் தொண்டையொலி, மலாயில் ககரமாக எழுதப்பட்டுக் குரல்வளை அடைப்பொலியாக ஒலிக்கிறது. தமிழில் பெரும்பாலும் மறைந்துவிடுகிறது. ஆதலால் ஜாமேக்கும் ஜமாவும், ரக்யாட்டும் ரயத்தும் உறவுச் சொற்கள் என்பது எளிதில் புலப்படுவதில்லை. இரண்டாவது பொருள் பற்றியது. தமிழில் ரயத்து உழவர் என்னும் அளவில் குறுகியது. மலாயில் ரக்யாட் குடிமக்கள் அனைவரையும் தழுவியது. சொற்பிறப்பு ஒன்றாயிருத்தல் மொழிபெயர்ப்புச் சமனாகிவிடாது. பிளாசா ரக்யாட்டை 'ரயத்துச் சதுக்கம்' எனப் பெயர்த்தால் மூலப் பொருள் சிதையும்.

'இலகு இரயில்' என்பதும் இத்தகையதே. 'லைட் ரெயில்' என்னும் ஆங்கிலத் தொடர் 1972இல் அமெரிக்கப் போக்குவரத்துத் துறையில் உருவாக்கப்பட்டது. அதில் 'லைட்' என்பது, பேரளவில் மக்களை ஏற்றிச்செல்லும் கனரக இரயிலினின்று வேறுபட்ட, குறைந்த கொள்ளளவைச் சுட்டுவது. மலாய் 'டிரான்சிட் அலிரான் ரிங்கான்' என, ஓட்டம் என்னும் பொருளுடைய 'அலிரான்' என்பதைச் சேர்த்துப் புதுத்தொடர் ஆக்கிக்கொண்டது. தமிழில் 'இலகு' எளிமையையும் குறிப்பதால், 'எளிய இரயில்' என்று பிறழ உணரப்படலாம். முதல் வழக்கிலேயே விளக்கம் தருவது இக்குறையை நீக்கும்.

5. மொழிபெயர்ப்பில் கொள்ளத்தக்கன

நிலையத்தின் பெயர் பயணிக்கு வழிகாட்டும் கருவி. அதனை 'ஜும்மா பள்ளிவாசல் நிலையம்' எனப் பெயர்த்தால் பொருள் விளங்கும். ஆனால் அப்பெயரைப் பலகையில் தேடுவோர் காணார். எனவே பயண நூல்களிலும் செய்திகளிலும் ஒலிபெயர்ப்பே ஏற்றது. பொருள் விளக்கம் ஒருமுறை தரப்படலாம். கோலாலம்பூர், கிள்ளான் போலத் தமிழில் வேரூன்றிய வடிவங்களை மாற்றத் தேவையில்லை.

வரலாற்று நூல்களில் ஆண்டு அறிந்தே பெயர் ஆளப்பட வேண்டும். 1997ஆம் ஆண்டுச் செய்தியில் வரும் 'ஸ்டார்' என்பதை 'அம்பாங் பாதை' என மாற்றினால் அவ்வாண்டில் இல்லாத பெயர் புகும். மாற்றாது விளக்கமின்றி விட்டால் இன்றைய வாசகர்க்கு இடம் விளங்காது. 2005இல் எழுதப்பட்ட குறிப்பில் 'மஸ்ஜித் ஜாமேக்கில் வண்டி மாறி' என்னும் தொடர் வாயிலைக் கடந்து புதுச்சீட்டுப் பெறுதலையும் உள்ளடக்கும். 2012இல் எழுதப்பட்டதில் அது இல்லை. சொல் ஒன்றே, அது குறிக்கும் செயல் வேறு. இவ்வேறுபாட்டை அகராதி காட்டாது. இடத்தின் வரலாறே காட்டும்.