உடலால் விளையும் நகை: கூத்தரங்கு முதல் வெள்ளித்திரை வரை

தொல்காப்பியர் மெய்ப்பாடுகள் எட்டனுள் நகையையே முதலில் வைத்தார். எள்ளல், இளமை, பேதைமை, மடன் ஆகிய நான்கும் அதன் நிலைக்களன்கள் என்றும் வகுத்தார். இடறி விழுந்தும் அடிவாங்கியும் துரத்தி ஓடியும் அவையைச் சிரிக்கவைக்கும் கலைக்குப் பின்னிரண்டே வேர்.

இக்கலையின் தொன்மைக்கு மத்தவிலாசப் பிரகசனம் அசையாச் சான்று. அப்பரடிகள் காலத்துப் பல்லவ மன்னன் முதலாம் மகேந்திரவர்மன் ஏழாம் நூற்றாண்டில் வடமொழியில் இயற்றிய அங்கத நாடகம் அது. காஞ்சியிலே கள்ளுண்டு மயங்கிய காபாலிகன் சத்தியசோமன் தான் இரந்துண்ணும் கபாலத்தைத் தொலைக்கிறான். நாய் கவ்விச் சென்றதை அறியாது, எதிரே வந்த பௌத்த துறவி நாகசேனன்மேல் பழியைப் போடுகிறான். இழுபறி மூள்கிறது. காபாலிகனின் துணைவி தேவசோமை துறவியின் தலைமயிரைப் பற்றப் பாய்கிறாள்; மழித்த தலையிற் பற்ற ஏதுமின்றித் தானே விழுகிறாள். பேசாப்படங்களுக்கு ஏறத்தாழ ஆயிரத்து முந்நூறு ஆண்டுகள் முன்னரே இக்காட்சி எழுதப்பட்டுவிட்டது. சைவக் காபாலிகனையும் நாடகத்தில் வரும் பாசுபதனையும் பௌத்தனையும் ஒரே தராசில் நிறுத்திய அம்மன்னனின் நடுவுநிலை போற்றத்தக்கது.

மேடையில் விளைந்த இந்நகை பின்னர் பேசாப்படத்திலும் தொடர்ந்தது. யப்பானில் பேசாப்படத்துக்குத் திரையருகே நின்று குரல் கொடுத்தோர் பென்ஷிகள். அவர்களது செல்வாக்கும் ஒரு காரணமாக, 1930களின் நடுப்பகுதிவரை அங்கு பேசாப்படம் நிலைத்தது. சைட்டோ தொராஜிரோவின் 'கொதகரா சோதோ' (1935), பிள்ளைகள் நிறைந்த ஏழைத் தந்தையின் ஓட்டத்தையும் தவிப்பையும் ஓயாத சிரிப்பாக்கியது. தமிழகக் கொட்டகைகளிலும் அந்நாளில் கதை விளக்குவோர் இருந்தனர்.

தமிழ்த் திரை பேசத் தொடங்கியபின் மேடைக் கோமாளியின் வழியில் காளி என். ரத்தினம் வந்தார். பம்மல் சம்பந்த முதலியாரின் நாடகத்திலிருந்து உருவான 'சபாபதி'யில் (1941) அவர் ஏற்ற வேலைக்காரன் வேடம் தொல்காப்பியர் கூறிய மடனுக்கே இலக்கியம்.

உடலையே இசைக்கருவி போல் ஆண்டவர் ஜே. பி. சந்திரபாபு. 1927இல் தூத்துக்குடியிற் பிறந்த அவர் இளமையில் கொழும்பில் வளர்ந்து கல்வி கற்றார் என்பது இலங்கைத் தமிழர் பெருமையுடன் நினைக்கவேண்டியது. 'சபாஷ் மீனா'வில் (1958) ஏற்ற இரட்டை வேடங்களை நடையாலேயே பிரித்துக் காட்டினார். தமிழ்த் திரையில் உடல்நகையின் உச்சம் அவரே.

மலையகத் தோட்டக் கூத்துகளில் விடியும்வரை அவையை விழித்திருக்கச் செய்யும் பபூனும் இம்மரபினனே. கம்பளை சூழ்ந்த தோட்டங்களில் இவ்வேடம் கட்டிய முதியோரின் ஆட்டத்தை ஒளிப்பதிவு செய்து பேணப் பாடசாலைகளும் ஆலய பரிபாலன சபைகளும் இவ்வாண்டிலேயே முன்வரல் வேண்டும்.