பனையடியில் ஒரு பகல்

சென்ற கோடையில் அஸ்தினாபுரத்திலிருந்து நாங்கள் ஏழு பெண்கள் பனங்காடு பார்க்கப் போனோம். மாதம் ஒருமுறை யாராவது ஒருவர் வீட்டு மொட்டை மாடியில் கூடிப் புத்தகம் படிக்கும் கூட்டம் எங்களுடையது. ஓய்வுபெற்ற ஆசிரியைகள் இருவர், தாம்பரத்தில் படிக்கும் மாணவிகள் இருவர், மற்றவர்கள் வேலைக்குப் போகிறவர்கள்.

பயணத்துக்குக் காரணம் மெக்சிகோ. வேலை நிமித்தமாக அங்கே போய்வந்த தோழி ஒருத்தி, குவாதலஹாரா நகரிலிருந்து டெக்கீலா என்ற ஊருக்கு ஒருநாள் சுற்றுலா போன கதையைச் சொன்னாள். நீலக் கற்றாழை வயல்களைக் காட்டுகிறார்கள். ஆறேழு வருடம் வளர்ந்த கற்றாழையின் மடல்களை வெட்டி, அன்னாசிப்பழம் போலிருக்கும் அடிப்பகுதியை எடுத்து, அதைச் சுட்டு, நசுக்கி, புளிக்கவைத்து, இரண்டு முறை வாலையில் வடிப்பதுவரை விளக்குகிறார்கள். 1974 முதல் டெக்கீலா என்ற பெயருக்கே சட்டப் பாதுகாப்பு உண்டு. அந்தக் கற்றாழை நிலப்பரப்பை 2006இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்தது.

கேட்டுக்கொண்டிருந்த மாணவி ஒருத்தி, “நம்ம ஊர்ல கள்ளுக்கு இப்படி ஒரு டூர் போக முடியுமா அக்கா?” என்றாள். “போலாம். திரும்பி வர்றது போலீஸ் ஜீப்புல” என்று யாரோ சொல்ல, எல்லோரும் சிரித்தோம். நான் முழுமனதோடு சிரிக்கவில்லை. என் அப்பா குடித்தவர். சம்பள நாளன்று தெருமுனையில் காத்து நின்ற அம்மாவைப் பார்த்து வளர்ந்தவள் நான். மது என்றாலே எனக்கு ஒரு பதில்தான் இருந்தது: எல்லாவற்றையும் மூடு. அந்தப் பதிலோடுதான் ரயில் ஏறினேன்.

குரோம்பேட்டையில் விடியற்காலை மின்சார ரயில் பிடித்து, தாம்பரத்தில் விழுப்புரம் போகும் பாசஞ்சருக்கு மாறினோம். செங்கல்பட்டு தாண்டியதும் ஏரிக்கரைகளில் பனை வரிசை தொடங்கியது. எங்கள் பக்கத்தில் செம்பாக்கம் ஏரியும் சிட்லபாக்கம் ஏரியும் இருக்கின்றன. கரையில் பனை எத்தனை நிற்கிறது என்று எங்களில் ஒருவருக்கும் சொல்லத் தெரியவில்லை. 1978 முதல் பனைதான் தமிழ்நாட்டின் மாநில மரம்.

விக்கிரவாண்டியில் இறங்கி, ஷேர் ஆட்டோவில் பனங்காட்டுக்குப் போனோம். கணவர் மரம் ஏறுகிறார், மனைவி அடுப்பு பார்க்கிறார். அந்த அம்மாவுக்கு ஐம்பது வயதிருக்கும். “வாங்கம்மா, வெயிலுக்கு முன்ன வந்துட்டீங்க” என்று பனையோலைப் பட்டையில் பதநீர் ஊற்றிக் கொடுத்தார்.

பனையில் ஆண் மரமும் பெண் மரமும் தனித்தனி. விதை போட்டவருக்கும் எது எது என்று தெரியாது. பன்னிரண்டு, பதினைந்து வருடம் கழித்துப் பாளை விடும்போதுதான் தெரியும். இரண்டிலும் சாறு உண்டு. பாளையைக் கடிப்பால் நெருக்கி, நுனியை நாள்தோறும் மெல்லியதாகச் சீவிவிட வேண்டும். சீவிய இடத்தில் சொட்டுவது கட்டிவிட்ட கலயத்தில் விழும். கலயத்தின் உள்ளே சுண்ணாம்பு தடவியிருந்தால் அது பதநீர். தடவாவிட்டால் புளித்துக் கள்ளாகும். மரமும் ஆளும் கலயமும் மாறுவதில்லை. சட்டத்துக்கும் குற்றத்துக்கும் நடுவே இருப்பது விரலளவு சுண்ணாம்புதான்.

ஏறுகிற வேலை கண்ணுக்குத் தெரிகிறது. எல்லோரும் அண்ணாந்து பார்க்கிறோம், படம் எடுக்கிறோம். கீழே நடக்கும் வேலையை அன்றுதான் முதல்முறையாகப் பார்த்தேன். இறக்கிய பதநீரை வடிகட்டி இரும்புக் கொப்பரையில் ஊற்றுகிறார். காய்ந்த ஓலையும் மட்டையும் சுள்ளியும்தான் விறகு. அவற்றைப் பொறுக்கிவந்து சேர்த்ததும் அவரே. நுரை பொங்கி வழியும்போது நசுக்கிய ஆமணக்கு விதையைப் போடுகிறார், பொங்கல் அடங்குகிறது. மூன்று, நான்கு மணி நேரம் தீ குறையவும் கூடாது, கூடவும் கூடாது. பாகை ஒரு சொட்டுத் தண்ணீரில் விட்டுப் பார்க்கிறார். உருண்டு நின்றால் பதம். ஒரு நிமிடம் தப்பினால் அன்றைய உழைப்பு முழுவதும் கருகும். பிறகு கொட்டாங்குச்சிகளில் ஊற்றி ஆறவைக்கிறார். அதுவே பனைவெல்லம், தெற்கே கருப்பட்டி.

பக்கத்தில் நின்ற எங்களுக்கே கண்ணில் நீர் வழிந்தது. “முப்பது வருசமா இந்தப் புகைதாம்மா” என்றார் அவர். “ஒரு நாளைக்கு எத்தனை மணி நேரம் வேலை?” என்று எங்கள் ஆசிரியை கேட்டார். அவருக்குக் கேள்வி புரியவில்லை. “வேல அவருக்குத்தாம்மா. நான் காய்ச்சறேன், அவ்ளோதான்” என்றார்.

இந்த ‘அவ்வளவுதான்’ நமக்குப் புதிதல்ல. மது பற்றிய தமிழ் வரலாற்றில் பெண்கள் எப்போதும் இருந்திருக்கிறார்கள். என்னவாக இருந்தார்கள் என்பதுதான் மாறிக்கொண்டே வந்தது.

சங்க காலத்தில் கள் விற்ற பெண்கள் உண்டு. அரியல் என்றால் கள், அதை விற்றவர்கள் அரியற் பெண்டிர். புறநானூற்றின் 235ஆம் பாடலில், இறந்துபோன அதியமானை நினைத்து அழும் ஔவையார், அவன் தன்னோடு கள்ளைப் பகிர்ந்துகொண்டதை முதலில் சொல்கிறார். குறைவாகக் கிடைத்தால் இவருக்கே தந்துவிடுவானாம். பள்ளியில் நாம் படித்த ஔவை ஆத்திசூடி பாடியவர். தலைவனோடு சமமாக உட்கார்ந்து குடித்த ஔவை நம் பாடப்புத்தகத்துக்கு வரவில்லை.

பனையோடு வாழ்ந்த பெண்களின் உடல் மீதும் வரலாறு ஏறி நின்றது. தெற்குத் திருவிதாங்கூரில் மரம் ஏறும் தளைக்கும் ஏணிக்கும்கூட வரி விதித்தார்கள். அதே குடும்பங்களின் பெண்கள் மேலாடை அணியத் தடை. 1820களிலும் 1858-59லும் தோள்சீலைக்காகப் பெண்கள் அடிபட்டார்கள், அவர்களுடைய சீலை கிழிக்கப்பட்டது, வீடுகள் எரிந்தன. 1859 ஜூலையில் வந்த அரசு அறிவிப்பு மேலாடையை அனுமதித்தது. ஆனால் உயர்சாதிப் பெண்கள் உடுத்துகிற மாதிரி உடுத்தக் கூடாது என்ற நிபந்தனையும் அதில் இருந்தது. சாதி ஒடுக்குமுறையிலிருந்து மேலே வந்தவர்கள் பலர், மரத்தைவிட்டு இறங்கித்தான் வந்தார்கள். பனையேறி என்ற சொல்லை வசவாக்கி வைத்திருந்த ஊரில் வேறு வழியும் இல்லை.

ஆங்கிலேயருக்குப் பனை வருமானம். 1886இன் சென்னை ஆப்காரிச் சட்டம் கள்ளையும் சாராயத்தையும் அரசின் உரிமத்துக்குள் கொண்டுவந்தது. கள்ளுக்கடை ஏலம் போனது. அதற்கெதிரான மறியலில்தான் பெண்கள் அரசியல் முகமாக வெளியே வந்தார்கள். 1921இல் ஈரோட்டில் பெரியாரின் துணைவி நாகம்மையாரும் தங்கை கண்ணம்மாளும் கள்ளுக்கடை முன் நின்றார்கள். மறியலை நிறுத்துவது ஈரோட்டிலுள்ள இரண்டு பெண்களின் கையில் இருப்பதாகக் காந்தி சொன்னது இன்றும் மேடைகளில் பேசப்படுகிறது. கள் இறக்கக் கூடாது என்று அப்போது தன் தோப்புத் தென்னைகளையே வெட்டிச் சாய்த்த பெரியார், பிற்காலத்தில் மதுவிலக்குச் சட்டத்தைக் கடுமையாக விமர்சித்தார் என்பது அவ்வளவாகப் பேசப்படுவதில்லை.

1937 அக்டோபரில் ராஜாஜி அரசு சேலம் மாவட்டத்தில் மதுவிலக்கைக் கொண்டுவந்தது. இழந்த வருமானத்தை ஈடுகட்ட 1939இல் விற்பனை வரி வந்தது. 1948இல் மாகாணம் முழுக்க மதுவிலக்கு. 1971இல் கருணாநிதி அரசு அதைத் தளர்த்தியது, 1974இல் மீண்டும் மூடியது. 1981இல் எம்.ஜி.ஆர். அரசு திறந்தது. 1983இல் டாஸ்மாக் நிறுவனம் பிறந்தது. 1987இன் தொடக்கத்திலிருந்து கள்ளுக்குத் தடை, இன்றும் அது நீடிக்கிறது. 2003இல் சில்லறை விற்பனையையும் டாஸ்மாக்கே எடுத்துக்கொண்டது. 2023-24இல் மதுவால் அரசுக்கு வந்த வருவாய் 45,000 கோடி ரூபாயைத் தாண்டியது.

மூடியபோதும் திறந்தபோதும் மேடையில் தாய்மார்கள் வந்துபோனார்கள். மூடும்போது தாய்மார்களின் கண்ணீர் காரணம். திறக்கும்போது அந்த வருமானத்தில் தாய்மார்களுக்கு நலத்திட்டம். தாய்மார்கள் தாங்களே தெருவுக்கு வந்து கடையை மூடு என்று கேட்டால் என்ன நடக்கும் என்பதை 2017 ஏப்ரலில் திருப்பூர் மாவட்டம் சாமளாபுரத்தில் பார்த்தோம். மறியல் செய்த ஒரு பெண்ணின் கன்னத்தில் காவல்துறை அதிகாரியின் அறை விழுந்தது.

இந்தக் கணக்கில் பனங்காட்டுப் பெண் எங்கும் இல்லை. கள் குற்றமான பிறகு பனையேறுபவரை எந்த நேரமும் சந்தேகத்தோடு பார்க்கலாம் என்றானது. காவலர் வந்து கலயத்தை உடைத்தால் நஷ்டம் இருவருக்கும்தான் என்றாலும், வழக்குக்கு அலைவதும் ஜாமீனுக்கு நகை அடகு வைப்பதும் யார் தலையில் விழும் என்று சொல்ல வேண்டியதில்லை. மரம் ஏற ஆள் குறையக் குறைய, அடுப்பும் அணைந்தது. இன்னொரு பக்கம், அதே விழுப்புரம் மாவட்டத்தில் 2023இல் மரக்காணம் பக்கம் விஷச் சாராயம் உயிர்களைக் கொண்டுபோனது. 2024 ஜூனில் பக்கத்துக் கள்ளக்குறிச்சியில் அறுபதுக்கும் மேற்பட்டவர்கள் மெத்தனால் கலந்த சாராயம் குடித்து இறந்தார்கள். இறந்தவர்களில் பெண்களும் உண்டு. குடிக்கும் பெண் என்றதும் நாம் நகரத்துப் பெண்ணைக் கற்பனை செய்கிறோம். கூலிவேலை முடித்து உடம்பு வலிக்குக் குடிக்கும் பெண் அந்தக் கற்பனைக்குள் வருவதில்லை.

அப்படியானால் மெக்சிகோ போல் இருந்திருந்தால் போதுமா? அங்கே கற்றாழைக்கு மாயாவெல் என்ற பெண் தெய்வம் உண்டு, நானூறு மார்பகங்களால் பாலூட்டுகிறவள் என்பது நம்பிக்கை. டெக்கீலாவுக்கு வெகுகாலம் முன்பிருந்தே கற்றாழைச் சாற்றைப் புளிக்கவைத்த புல்கே என்ற பானம் இருந்தது. நம் கள்ளுக்கு அதுதான் சகோதரி. ஆனால் அந்தத் தெய்வத்தின் நாட்டிலேயே, மெக்சிகோ நகரத்து மதுக்கூடங்களுக்குள் பெண்கள் சட்டப்படி நுழைய 1980களின் தொடக்கம்வரை காத்திருக்க வேண்டியிருந்தது. பனங்கள் சட்டப்படி விற்கப்படும் இலங்கையிலும் பெண்கள் மது வாங்கக் கூடாது என்று 1979இல் விதி வந்தது. 2018 ஜனவரியில் அதை நீக்கினார்கள், சில நாட்களிலேயே ஜனாதிபதி திரும்பக் கொண்டுவரச் செய்தார். தெய்வமாகவோ தாயாகவோ இருக்கலாம், வாங்குபவளாக, விற்பவளாக, கூலி கேட்பவளாக மட்டும் இருக்கக் கூடாது.

மெக்சிகோவிடம் நாம் கற்கக்கூடியது ஒன்று உண்டு: ஒரு செடியின் சாற்றுக்கு ஊரின் பெயரும் மதிப்பும் கொடுக்கலாம். உடன்குடிக் கருப்பட்டிக்கு இங்கே புவிசார் குறியீடு கிடைத்திருக்கிறது. அந்தக் குறியீட்டுக்குப் பின்னால் அடுப்படியில் நிற்பவளுக்கு என்ன கிடைத்தது என்று கேட்க வேண்டியது நம் வேலை.

மதியம் கிளம்பும்போது, என் மனதில் இருந்ததைக் கேட்டேவிட்டேன்: “கள்ளுக்குத் தடையை எடுக்கணும்னு சொல்றாங்களே, நீங்க என்னம்மா நினைக்கிறீங்க?”

அவர் கணவரைப் பார்த்தார். அவர் கொஞ்சம் தள்ளி அரிவாளைத் தீட்டிக்கொண்டிருந்தார். “அவரு எடுக்கணும்னுதான் சொல்றாரு. எடுத்தா வருமானம் வரும், நெசந்தான். அவரு குடிச்சிட்டுக் கெடந்த காலமும் எனக்குத் தெரியும்” என்று குரலைத் தாழ்த்தினார். பிறகு சிரித்தபடி, “கள்ளுன்னா எனக்கு அடுப்பு வேல இல்ல. ஆனா காசு அவரு கைக்குப் போவும். வெல்லம்னா நான் காய்ச்சறேன், சந்தைக்கு நானே தூக்கிட்டுப் போறேன், காசு என் கைக்கு வரும். இத யாரும் என்னைக் கேட்டதில்லம்மா” என்றார்.

மூடு என்று சொல்லும் என் பதிலிலும், திற என்று சொல்பவர்களின் பதிலிலும் இந்தக் கணக்கு இல்லை. என் அம்மா தெருமுனையில் காத்து நின்றதும் இதே கணக்குக்காகத்தான். காசு யார் கையில் வருகிறது என்பதுதான் அவளுடைய கேள்வியாகவும் இருந்தது. நான் அதை இத்தனை வருடம் பாட்டில் பற்றிய கேள்வியாக மட்டும் புரிந்துவைத்திருந்தேன். மதுக்கடை மீதான என் கோபம் குறையவில்லை. ஆனால் அந்த அம்மாவைக் கேட்காமல் இனி ஒரு மனுவிலும் கையெழுத்துப் போட மாட்டேன்.

ஆளுக்கு இரண்டு கிலோ பனைவெல்லம் வாங்கினோம். ஆசிரியை வழக்கம்போல் பேரம் பேச வாயெடுத்து, கொப்பரையைப் பார்த்துவிட்டு, கேட்ட விலையைக் கொடுத்தார். பணத்தை அந்த அம்மா எண்ணிப் பார்த்துத் தன் சுருக்குப் பையில் வைத்துக்கொண்டார்.