அன்னா மே வோங்கின் மௌனப் படக் காலம்

மௌனப் படக் காலத்து ஹாலிவுட்டில் சீனக் கதைகளுக்குப் பஞ்சமே இருந்ததில்லை. அந்தக் கதைகளில் பிரதான பாத்திரம் ஏற்கச் சீன வம்சத்தவருக்குத்தான் இடம் இருந்ததில்லை. வெள்ளை நடிகர்கள் அரிதாரத்தால் கண்களைச் சாய்த்துக்கொண்டு சீனப் பிரபுக்களாக உலவ, மெய்யான சீனர்கள் பின்னால் கூட்டமாக நின்றார்கள். அந்தக் கூட்டத்திலிருந்து ஓரடி முன்னால் வந்தவர் அன்னா மே வோங்.

1905 ஜனவரி 3ஆம் தேதி லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில் அவர் பிறந்தார். பெற்றோர் இருவருமே கலிபோர்னியாவில் பிறந்தவர்கள். தகப்பனாருக்குச் சலவைக்கடை வியாபாரம். வெளுத்த துணிகளை வாடிக்கைக்காரர் வீடுகளில் சேர்த்துவிட்டுக் கிடைத்த சில்லறையோடு, பள்ளிக்கு மட்டம் போட்டுவிட்டு, சிறுமி சினிமாக் கொட்டகையில் போய் உட்கார்ந்துவிடுவாள். 1919இல் 'தி ரெட் லாண்டர்ன்' படத்துக்கு முந்நூறு சீனப் பெண்கள் தேவைப்பட்டபோது பதினான்கு வயது அன்னாவும் அவர்களில் ஒருத்தியாகச் சேர்ந்தாள். அப்படத்தின் சீன ரத்தம் கலந்த நாயகியாக நடித்தவரோ, ருஷ்யாவில் பிறந்த நசிமோவா அம்மையார்.

1922இல் இரட்டை வர்ண டெக்னிகலர் முறையில் எடுக்கப்பட்ட 'தி டோல் ஆஃப் தி ஸீ' படத்தில், வெள்ளைக்காரக் கணவனால் கைவிடப்பட்டுக் கடலில் உயிரைவிடும் கதாநாயகியாக அவர் நடித்தார். பதினேழு வயதில் இத்தகைய வெற்றியைக் கண்ட வேறொரு நடிகையாயிருந்தால் அடுத்த படத்திலும் கதாநாயகி வேஷமே வாய்த்திருக்கும் என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. இவருக்கு வாய்த்ததோ, 1924இல் டக்ளஸ் ஃபேர்பாங்க்ஸ் நடித்த 'தி தீஃப் ஆஃப் பாக்தாத்' படத்தில், இளவரசியின் அரண்மனையிலேயே இருந்துகொண்டு அவளுக்குத் துரோகம் செய்யும் மங்கோலிய அடிமைப் பெண் வேஷம். திருடன் மறைந்திருந்து கத்திமுனையை முதுகில் வைக்க, அவர் அசையாமல் விறைத்து நிற்கும் கட்டம் ஒன்று உண்டு. அந்தப் பிரம்மாண்டமான மாளிகைகளும் பறக்கும் கம்பளமும் மறந்துபோன பிறகும் அந்த முகம் மறப்பதில்லை.

இத்தனை திறமையிருந்தும் அவர் உபபாத்திரங்களோடு நிற்க நேர்ந்ததற்குக் காரணம் தேடி வெகுதூரம் போக வேண்டியதில்லை. வெள்ளையரும் மங்கோலிய இனத்தவரும் விவாகம் செய்துகொள்வதைக் கலிபோர்னியாச் சட்டம் அக்காலத்தில் தடை செய்திருந்தது. 1948 வரையில் அந்தத் தடை நீங்கவில்லை. கதாநாயகன் வெள்ளையன் என்றால், அவனைக் கைப்பிடித்துக் கதையை முடிக்கும் பாக்கியம் இவருக்குக் கிடையாது. ஆகவே கடைசி ரீலுக்குள் சாக வேண்டும், அல்லது வஞ்சகியாக இருக்க வேண்டும். சரி, கதாநாயகன் சீனனாக இருந்தாலோ? 1927இல் வந்த 'மிஸ்டர் வூ'வில் சீனப் பிரபு லான் சேனி. மகள் பிரான்ஸ் தேசத்து ரெனே அடோரே. அவளுக்கு அருகில் துணைவேஷத்தில் நின்றவர்தான் அன்னா மே வோங்!

மனம் வெதும்பி 1928இல் ஐரோப்பாவுக்குக் கப்பலேறினார். பெர்லினில் ரிச்சர்ட் ஐக்பெர்க் என்ற டைரக்டர் அவரைக் கதாநாயகியாக்கினார். 1929இல் டூபான் என்ற டைரக்டர் லண்டனில் எடுத்த 'பிக்காடில்லி'யிலோ விளம்பரத்தில் முதலிடம் கில்டா கிரே என்ற நாட்டியக்காரிக்கு. இரவு விடுதியில் சாப்பிட வந்தவர் ஒருவர் தட்டு அழுக்காயிருப்பதாகச் சத்தம் போடுகிறார்; முதலாளி கோபத்தோடு பாத்திரம் கழுவும் கூடத்துக்கு இறங்கிப் போகிறார்; அங்கே, வேலைக்காரர்கள் கைவேலையைப் போட்டுவிட்டு வாய்பிளந்து நிற்க, ஒரு பெண் மேஜைமீதேறி, அவசரமே இல்லாமல் இடையை அசைத்து ஆடிக்கொண்டிருக்கிறாள். அந்தக் கணத்திலிருந்து படம் கில்டா கிரேயுடையதல்ல. ஆயினும் முதலாளியும் அவளும் முத்தமிடுவதைத் திரையில் காட்டும் துணிவு லண்டனுக்கும் வரவில்லை. கதை முடிவதற்குள் அவளைச் சுட்டுக் கொன்றுவிடுகிறார்கள்.

ஐரோப்பாவில் சம்பாதித்த கீர்த்தியோடு 1930இல் அவர் அமெரிக்கா திரும்பினார். அதற்குள் படங்கள் பேசத் தொடங்கிவிட்டன. பாரமவுண்ட் கம்பெனி 1931இல் 'டாட்டர் ஆஃப் தி டிராகன்' படத்தில் அவருக்கு மகள் வேஷம் தந்தது. சீனத் தகப்பனாக நடித்தவர் ஸ்வீடனில் பிறந்த வார்னர் ஓலண்ட்.