எக்ஸ்பி கேட்ட குறுந்தட்டு

விண்டோஸ் எக்ஸ்பி 2001 அக்டோபர் 25-ஆம் தேதி வெளியானபோது, அதன் குறுந்தட்டுக்குள்ளேயே தமிழ் இருந்தது. ஆனால் ஆங்கிலப் பதிப்பை நிறுவியதும் அது கணினிக்கு வந்துவிடவில்லை. யூனிகோடில் எழுதிய தமிழ்ப் பக்கத்தைத் திறந்தால் வரிவரியாகச் சதுரக் கட்டங்களே தெரிந்தன. எழுத்துரு கிடைத்தாலும் ஒற்றைக்கொம்பு எழுத்துக்கு முன்னால் நிற்காமல் பின்னால் போய் ஒட்டிக்கொண்டது.

அதற்கு முந்தைய காலம் இன்னும் சிக்கலானது. மலேசியாவில் முத்து நெடுமாறன் 1985-இல் 'முரசு' மென்பொருளை உருவாக்கிய நாளிலிருந்து, தமிழ் மென்பொருள்கள் ஒவ்வொன்றும் தத்தம் குறியீட்டு முறையில் இயங்கின. ஒரு கணினியில் தட்டியதை இன்னொன்றில் படிக்க அதே எழுத்துரு வேண்டும். குறியேற்றத்தை ஒழுங்குபடுத்தும் பேச்சு 1999-இல் சென்னையிலும், 2001 ஆகஸ்டில் கோலாலம்பூரிலும் நடந்த தமிழிணைய மாநாடுகளில் தொடர்ந்தது. இதற்கிடையே விண்டோஸ் 2000 'லதா' எழுத்துருவோடு யூனிகோடு தமிழைக் கொண்டுவந்தது.

எக்ஸ்பியில் அதை எழுப்பக் கண்ட்ரோல் பேனலில் மொழிப் பகுதிக்குப் போய், சிக்கலான எழுத்து முறைகளுக்கான பெட்டியில் ஒரு குறி இட வேண்டும். 10 மெகாபைட் இடம் தேவை என்று கணினி எச்சரிக்கும். உடனே நிறுவல் குறுந்தட்டைக் கேட்கும். தட்டு கையில் இல்லாதவருக்குத் தமிழும் இல்லை.

தட்டைத் தேடவைத்தது தமிழ் மட்டுமல்ல. 2003 ஆகஸ்டில் விண்டோஸ் கணினிகளைத் தாக்கும் பிளாஸ்டர் புழு பரவியது. தாக்கப்பட்ட கணினி 60 நொடிகளை எண்ணிவிட்டுத் தானாக அணைந்து மறுபடி எழும். இணையத்தில் இணைந்தால் புழு வந்துவிடும். இணையாவிட்டால் மருந்தை இறக்க முடியாது. ஆகவே பாதுகாப்புத் திருத்தத்தை வேறொரு கணினியில் இறக்கி, தட்டில் எடுத்துவந்து போட வேண்டியிருந்தது.

எதைப் போடுவது என்று அறியக் கோப்பின் பெயரே துணை. 'விண்டோஸ்எக்ஸ்பி-கேபி823980-எக்ஸ்86-இஎன்யு' என்ற பெயரில் முதலில் இயங்குதளம், அடுத்து திருத்தத்தின் எண், பிறகு செயலி வகை, கடைசியில் மொழி. இஎன்யு என்றால் ஆங்கிலப் பதிப்பு. போட்டாயிற்றா என்று பார்க்க, மறைந்த கோப்புறைகளைக் காட்டவைத்து விண்டோஸ் கோப்புறையைத் திறந்தால், அதே எண் தாங்கிய நீக்கல் கோப்புறை நீல எழுத்தில் நிற்கும். ரன் பெட்டியில் 'வின்வெர்' என்று தட்டினால், திருத்தங்களின் தொகுப்பான சர்வீஸ் பேக் எத்தனை என்பது தெரியும்.

2004 ஆகஸ்டில் சர்வீஸ் பேக் 2 வந்தது. தீச்சுவரைத் தானாகவே இயக்கிவைத்த தொகுப்பு அது. முழு அளவு சுமார் 266 மெகாபைட். மலேசியாவின் சித்தியவானில் 1515-ஐச் சுழற்றித் தொலைபேசி வழியே இணையத்துக்குள் போனவருக்கு, நொடிக்கு 56 கிலோபிட் வேகம் கொஞ்சமும் குறையாமல் கிடைத்தால்கூட 11 மணி நேரம் பிடிக்கும். அத்தனை நேரமும் வீட்டுத் தொலைபேசி ஓய்ந்திருக்க வேண்டும். யாரோ ஒருவர் இறக்கிக் குறுந்தட்டில் பதிந்து கொடுத்தால் மற்றவர்க்கு அது பெரிய உதவி.

2008-இல் வந்த சர்வீஸ் பேக் 3-க்கு முன்நிபந்தனை இருந்தது: சர்வீஸ் பேக் 1 அல்லது 2 ஏற்கெனவே இருக்க வேண்டும். வரிசை தவறினால் நிறுவல் நின்றுவிடும்.

2007-இல் கடைகளுக்கு வந்த அடுத்த விண்டோஸான விஸ்டாவில் தமிழ் தொடக்கத்திலிருந்தே இயங்கியது. குறி இடும் வேலை ஒழிந்தது. எக்ஸ்பிக்கான ஆதரவு 2014 ஏப்ரல் 8-ஆம் தேதி முடிந்தது. இன்று பழைய எக்ஸ்பி கணினி ஒன்றைத் துடைத்துப் புதிதாக நிறுவினாலும், அந்தப் பெட்டியில் குறி இட்டதும் அது குறுந்தட்டைத்தான் கேட்கும்.