வானவர் மொழியின் ஓசை

மலக்குகளின் மொழியைக் காதால் கேட்டதாகச் சொன்னவர் ஒருவர். அதை எழுதி வைத்தவர் வேறொருவர். கேட்டவர் எட்வேர்ட் கெல்லி. எழுதியவர் ஜோன் டீ, முதலாம் எலிசபெத் அரசி மதித்த கணித அறிஞர்.

1582இல் இருவரும் சேர்ந்தனர். கெல்லி பளிங்குக் கல்லுக்குள் பார்த்துச் சொல்வார்; டீ எழுதிக்கொள்வார். 1583இல் 21 எழுத்துகள் கிடைத்தன. 1584இல் போலந்தின் கிறக்கோ நகரில், முப்பது காற்றுவெளிகளில் உறைவோரை அழைக்கும் மந்திரங்கள் வந்தன. முதலில் வந்தவை எழுத்தெழுத்தாக, அதுவும் பின்னிருந்து முன்னாகச் சொல்லப்பட்டன. நேராக ஓதினால் அவர்கள் எழுந்து வந்துவிடுவார்களாம்!

அவுஸ்திரேலிய மொழியியலாளர் டொனல்ட் லேகொக் இவற்றை ஆராய்ந்து 1978இல் அகராதியாகவே வெளியிட்டார். முந்திய பகுதிகளில் எதுகையும் திரும்பத் திரும்ப வரும் அசைகளும் மலிந்திருந்தன. பரவசத்தில் பிதற்றுவோர் பேச்சும் அப்படித்தான். பிந்தியவற்றிலோ வாய்க்குள் அடங்காத மெய்ம்மயக்கங்கள். ஆனால் டீ ஓரத்தில் குறித்த உச்சரிப்பு முழுக்க ஆங்கிலம். சொல் வரிசையும் அவ்வாறே.

எனக்கு இதில் வியப்பில்லை. என் வகுப்புப் பிள்ளைகள் எழுத்துக்கு எழுத்து ‘க’னாச் சேர்த்து இரகசியம் பேசுவார்கள். அதிலும் தமிழ் நாக்குக்கு வராத ஓசை ஒன்றுகூட இராது.

கெல்லி ஏமாற்றினாரா, தானே நம்பினாரா என்பது வேறு விடயம். டீ நம்பினார். அந்த நம்பிக்கையோடுதான் 1583இல், ஏறக்குறைய நாலாயிரம் நூல்கள் கொண்ட தமது மோட்லேக் நூலகத்தை விட்டுக் கெல்லியுடன் கடல் கடந்தார். 1589இல் திரும்பியபோது அதிலிருந்து பல நூல்கள் களவு போயிருந்தன.