நோய்க்கு யார் விலை கொடுப்பது?

கோவை ஆர்.எஸ்.புரத்தின் திவான் பகதூர் சாலையில் ஒரு மாலை நேரத்தில் நடந்து பாருங்கள். நேர்கோடாக ஓடும் வீதிகள். அவற்றை வெட்டிச் செல்லும் குறுக்குத் தெருக்கள். வழியெங்கும் மருத்துவர்களின் பெயர்ப்பலகைகள், மருந்துக் கடைகள், இரத்தப் பரிசோதனை நிலையங்கள். நோய் என்றால் இங்கே வரலாம். பணம் இருந்தால் குணம் பெறலாம். பணம் இல்லாவிட்டால்? இந்தக் கேள்வி இன்று தோன்றியதன்று. நூறாண்டுகளுக்கு மேலாகக் கோவை நகரம் இதற்கு விடை தேடி வந்திருக்கிறது. அந்த வரலாற்றைச் சிறிது திரும்பிப் பார்ப்போம்.

பிளேக் கற்பித்த பாடம்

1901ஆம் ஆண்டுக் குடிக்கணக்கின்படி கோவையின் மக்கள் தொகை 53,080. பத்தாண்டுகள் கழித்து, 1911இல், அது 47,007 ஆகக் குறைந்துவிட்டது. வளரும் ஊர் ஒன்று எப்படிச் சுருங்கும்? அக்காலத்தில் ஊரைத் திரும்பத் திரும்பத் தாக்கிய பிளேக் நோயே இதற்கு முக்கியக் காரணம். நோய் பலரைக் கொன்றது; அச்சம் இன்னும் பலரை ஊரை விட்டே விரட்டியது. இன்றும் கோவையில் ‘பிளேக் மாரியம்மன்’ என்ற பெயரில் கோயில்கள் இருப்பதை நீங்கள் கண்டிருக்கலாம். அந்நாளைய அச்சத்தின் நினைவுச் சின்னங்கள் அவை.

பிளேக் கிருமியை 1894இல் ஹாங்காங்கில் யெர்சின் என்ற அறிஞர் கண்டுபிடித்தார். எலியின் உடலில் வாழும் தெள்ளுப்பூச்சியே அதைப் பரப்புகிறது என்பதை 1898இல் கராச்சியில் சைமண்ட் காட்டினார். எலிக்கும் தெள்ளுக்கும் மாளிகை, குடிசை என்ற வேறுபாடு தெரியாது. குறுகிய சந்தில் குடியிருக்கும் ஏழையின் வீட்டில் எலி செத்து விழுந்தால், அடுத்த தெருச் செல்வர் நிம்மதியாக உறங்க முடியாது. நெருக்கமான பழைய ஊருக்கு வெளியே, காற்றும் வெளிச்சமும் உள்ள விரிவுப் பகுதிகள் வேண்டும் என்ற எண்ணம் வலுப்பட இது ஒரு காரணமாயிற்று. அவ்வாறு மேற்கே விரிந்த பகுதிக்கு நகராட்சித் தலைவராயிருந்த சி.எஸ். இரத்தினசபாபதி முதலியாரின் பெயர் இடப்பட்டது. இரத்தினசபாபதிபுரமே சுருங்கி ஆர்.எஸ்.புரம் ஆயிற்று.

குடிநீரும் இவ்வாறே. சிறுவாணி நீரைக் கோவைக்குக் கொண்டு வரலாம் என்று 1889இலேயே எடுத்துச் சொன்னவர் சே.ப. நரசிம்மலு நாயுடு. அந்த நீர் நகரை வந்தடைந்தது 1929இல். இடையில் நாற்பது ஆண்டுகள்! எவ்வளவு பெரிய செல்வரானாலும் தம் வீட்டுக்கு மட்டும் என்று மலையிலிருந்து ஆற்றைக் கொண்டு வர முடியாது. ஊரே கூடிச் செலவிட்டால்தான் முடியும். அப்படி வந்த நீர் வரி செலுத்தியவரையும் காத்தது. செலுத்த இயலாதவரையும் காத்தது.

ஆனால் இங்கே ஒன்றைக் கவனியுங்கள். தொற்று நோய்க்கு எதிராக ஊர் ஒன்றுபட்டதில் தன்னலமும் கலந்திருந்தது. அடுத்தவன் நோய் என்னையும் தாக்கும் என்ற அச்சம் அது. தொற்றாத நோய்க்கு என்ன செய்வது? பஞ்சாலையில் ஒரு தொழிலாளியின் கை இயந்திரத்தில் சிக்கினால் அது அடுத்த வீட்டுக்காரரைத் தொற்றாது. அவருக்கு மற்றவர்கள் ஏன் செலவு செய்ய வேண்டும்? மருத்துவப் பொருளாதாரத்தின் கடினமான கேள்வி இங்குதான் தொடங்குகிறது.

ஆலைச் சங்கும் கூலிக் கணக்கும்

1888இல் ஸ்டேன்ஸ் என்பவர் கோவையில் நூற்பாலை தொடங்கினார். 1930களில் பைக்காரா மின்சாரம் வந்ததும் ஆலைகள் பெருகின. சங்கொலி கேட்டு எழுவதும், சங்கொலி கேட்டு உண்பதும் பல்லாயிரம் குடும்பங்களின் வாழ்க்கை ஆயிற்று.

ஆலைத் தொழிலாளி நோயுற்றால் இழப்பு இரு மடங்கு. வேலைக்குப் போகாததால் கூலி இல்லை; அதே நாளில் வைத்தியருக்கும் மருந்துக்கும் பணம் வேண்டும். வரவு நிற்கும்போதே செலவு ஏறுகிறது. பஞ்சுத் தூசியை ஆண்டுக்கணக்கில் சுவாசித்து மூச்சுத் திணறலுக்கு ஆளானவர்களின் நிலையை எண்ணிப் பாருங்கள். 1923ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்று வேலையில் நேரும் விபத்துகளுக்கும் சில தொழில்சார் நோய்களுக்கும் நட்ட ஈடு பெற வழி செய்தது. சாதாரணக் காய்ச்சலுக்கோ, பிரசவத்துக்கோ அது உதவவில்லை. காதிலும் கழுத்திலும் கிடப்பதை அடகுக் கடைக்கு அனுப்புவதே பெரும்பாலோருக்குத் தெரிந்த வழி.

சீட்டும் ஈட்டுறுதியும்

நம் ஊரில் சீட்டுப் பிடிப்பது எல்லாருக்கும் தெரியும். மாதந்தோறும் பணம் கட்டுகிறோம். நமது முறை வரும்போது எடுத்துக்கொள்கிறோம். கட்டியது ஏறத்தாழ நமக்கே திரும்பி வருகிறது. ஈட்டுறுதி அப்படியன்று. அதில் கட்டிய பணம் நமக்குத் திரும்பி வராமல் இருந்தால்தான் நாம் பேறு பெற்றவர்கள்!

ஒரு கற்பனைக் கணக்கு: ஓர் ஆலையில் 1,000 பேர். ஆண்டுக்கு அவர்களுள் 20 பேருக்கு அறுவை சிகிச்சை தேவைப்படுகிறது. ஒருவருக்கு 50,000 ரூபாய் செலவு. மொத்தம் 10 இலட்சம். அந்த 20 பேரும் தனித்தனியே இதைத் தாங்கினால் 20 குடும்பங்கள் கடனில் விழும். 1,000 பேரும் பகிர்ந்தால் ஆளுக்கு ஆண்டுக்கு 1,000 ரூபாய். மாதம் 84 ரூபாய்க்குள் அடங்கிவிடும். நோயின் மொத்தச் செலவு குறையவில்லை. அது ஒரு குடும்பத்தை நொறுக்கும் வலிமையை இழந்துவிட்டது, அவ்வளவே.

“விரும்பியவர் மட்டும் சேரட்டும்” என்று விட்டால் என்ன ஆகும்? திடமான இளைஞர் “எனக்கெதற்கு?” என்று ஒதுங்குவார். நோயாளிகளே மிஞ்சுவர். தலைக்கு வரும் பங்கு ஏறும். ஏற ஏற மேலும் பலர் விலகுவர். இறுதியில் திட்டமே சரியும். ஆகவேதான் இத்தகைய திட்டம் எல்லாருக்கும் கட்டாயமாக இருக்க வேண்டியதாகிறது.

இன்னொரு கேள்வியும் எழலாம். சந்தையில் போட்டி இருந்தால் விலை தானே இறங்காதா? ஒப்பணக்காரத் தெருவில் புடவை வாங்கும்போது நாலு கடை ஏறி இறங்குகிறோம், பேரம் பேசுகிறோம், பிடிக்காவிட்டால் திரும்பி விடுகிறோம். குடல்வால் வீங்கிய நள்ளிரவில் யாரும் நாலு மருத்துவமனை ஏறி இறங்க முடியாது. எந்தச் சிகிச்சை தேவை என்பதை வாங்குபவர் அறியார், விற்பவரே அறிவார். அமெரிக்கப் பொருளியல் அறிஞர் கென்னத் ஆரோ 1963இல் எழுதிய புகழ்பெற்ற கட்டுரை இவ்வேறுபாட்டை விளக்குகிறது. மருத்துவம் மற்றப் பண்டங்களைப் போன்றதன்று என்பதற்கு அவர் காட்டிய காரணங்கள் இரக்கத்தைச் சார்ந்தவையல்ல, பொருளியலைச் சார்ந்தவை.

கான்பூரிலிருந்து கோவைக்கு

இக்கணக்கைச் சட்டமாக்கிய முதல் பெரிய நாடு ஜெர்மனி. 1883ஆம் ஆண்டுச் சட்டப்படி நோய் ஈட்டுறுதிக்குத் தொழிலாளர் மூன்றில் இரு பங்கும், முதலாளிகள் ஒரு பங்கும் செலுத்தினர். பிரிட்டன் 1911இல் பின்பற்றியது. இந்தியாவில் 1943இல் பேராசிரியர் பி.பி. அடார்க்கரிடம் இப்பணி ஒப்படைக்கப்பட்டது. அவரது அறிக்கை 1944இல் வந்தது. அதன் அடிப்படையில் 1948இல் தொழிலாளர் அரசு ஈட்டுறுதிச் சட்டம் நிறைவேறியது. நாம் சுருக்கமாக ஈ.எஸ்.ஐ. என்கிறோமே, அதுதான்.

சட்டம் வந்தும் நான்கு ஆண்டுகள் அது செயலுக்கு வரவில்லை. முதலில் தொடங்கும் ஊரின் முதலாளிகள், “எங்களுக்கு மட்டும் செலவு கூடினால், பிற ஊர் ஆலைகளோடு எப்படிப் போட்டியிடுவது?” என்று முறையிட்டனர். அதற்காகச் சட்டம் திருத்தப்பட்டது. திட்டம் இன்னும் வராத ஊர்களின் முதலாளிகளும் சிறிய பங்கு செலுத்த வேண்டும் என்று ஆயிற்று. 1952 பிப்ரவரி 24 அன்று கான்பூரிலும் தில்லியிலும் திட்டம் தொடங்கியது. தமிழகத்தில் அது முதலில் கால் வைத்த ஊர் கோவை, ஆண்டு 1955.

தொழிலாளி தம் கூலிக்கு ஏற்பச் செலுத்துவார். மருத்துவத்தைத் தம் தேவைக்கு ஏற்பப் பெறுவார். குறைந்த கூலிக்காரருக்குக் குறைந்த மருந்து என்பது கிடையாது. நோயுற்று வேலைக்குப் போகாத நாள்களுக்கும் கூலியில் ஒரு பகுதி கிடைக்கும். இது தருமம் அன்று; உரிமை. இலவச வார்டின் வாயிலில் கைகட்டி நின்றவர், அடையாள அட்டையுடன் வந்து கேட்கும் நிலை பெற்றார். சிங்காநல்லூரில் உள்ள ஈ.எஸ்.ஐ. மருத்துவமனையில் 2016இல் மருத்துவக் கல்லூரியும் தொடங்கியது.

வேலிக்கு வெளியே

ஆனால் எந்தத் திட்டத்துக்கும் ஒரு வேலி உண்டு. 1948ஆம் ஆண்டுச் சட்டம் மின்விசை பயன்படுத்தி, 20 பேர் அல்லது அதற்கு மேல் வேலை செய்யும் தொழிற்சாலைகளுக்கே பொருந்தியது. பின்னாளில் அது 10 பேர் என்று தளர்ந்தது. கோவைத் தெருக்களில் ஐந்தாறு பேருடன் ஓடும் லேத் பட்டறைகள் எத்தனை! கைத்தறி நெசவாளரும் தோட்டக் கூலியாளரும் வேலிக்கு வெளியேதான். மேலும், ஊதிய வரம்பும் உண்டு. தொடக்கத்தில் மாதம் 400 ரூபாயாக இருந்த அது 2017 ஜனவரியில் 21,000 ரூபாய் ஆனது. வரம்பு எதுவானாலும், அதை ஒரு ரூபாய் தாண்டும் ஊதிய உயர்வு ஒரு தொழிலாளியை, அந்தப் பங்களிப்புக் காலம் முடிந்ததும், பாதுகாப்பிலிருந்து வெளியே தள்ளிவிடுகிறது. உயர்வு கிடைத்ததே என்று மகிழ்வதா, வருந்துவதா?

வேறு வழி இல்லையா? 1946இல் வந்த போர் குழுவின் அறிக்கை அதைக் காட்டியது. பணம் செலுத்த இயலாமையால் எவரும் மருத்துவம் இழக்கலாகாது. எனவே அரசே பொது வரியிலிருந்து அனைவருக்கும் மருத்துவம் அளிக்க வேண்டும் என்றது அக்குழு. பிரிட்டன் 1948 ஜூலையில் அவ்வழியை முழுமையாக மேற்கொண்டது. நாமோ இரு வழிகளிலும் பாதி பாதி நடந்தோம்.

தமிழகத்தில் அந்தப் பாதி வழியும் பயனற்றுப் போகவில்லை. 1994இல் அமைந்த தமிழ்நாடு மருத்துவப் பணிகள் கழகம், அரசு மருத்துவமனைகளுக்கு வேண்டிய மருந்துகளை ஒரே இடத்தில், வணிகப் பெயரால் அன்றி மருந்தின் பொதுப் பெயரால், ஒப்பந்தப் புள்ளி மூலம் வாங்கத் தொடங்கியது. பிற மாநிலங்களும் அதைப் பார்த்துப் பின்பற்றின. 2009இல் ஏழைக் குடும்பங்களுக்கான அரசுக் காப்பீட்டுத் திட்டம் வந்தது. அது பெரிய சிகிச்சைகளுக்குக் கைகொடுத்தது. ஆனால் சர்க்கரை நோயாளி அன்றாடம் விழுங்கும் மாத்திரை அத்தகைய காப்பீட்டுக்குள் வருவதில்லை. காலை வெட்டி எடுக்கப் பணம் உண்டு. கால் கெடாமல் காக்கப் பணம் இல்லை என்ற முரண்பாடு எழலாம். 2021இல் தொடங்கிய ‘மக்களைத் தேடி மருத்துவம்’ சர்க்கரை, இரத்த அழுத்த மாத்திரைகளை வீட்டுக்கே கொண்டு சென்றது. இந்த இடைவெளியை நிரப்பும் முயற்சி எனலாம்.

சிறுவாணித் திட்டத்துக்கு வீட்டுக்கு வீடு ஊதியச் சான்று கேட்கவில்லை. குழாய் ஊருக்கே வந்தது. மருத்துவம் அந்தக் குழாயைப் போல வர வேண்டுமா, ஈ.எஸ்.ஐ. அட்டையைப் போல வர வேண்டுமா என்பது இன்னும் முடிவு காணாத வழக்கு. உங்கள் வீட்டில் யாரேனும் ஆலைக்கோ பட்டறைக்கோ போகிறவர் இருந்தால், இன்று மாலை அவருடைய சம்பளச் சீட்டை வாங்கிப் பாருங்கள். ஈ.எஸ்.ஐ. என்று ஒரு சிறு பிடித்தம் இருந்தால், முகம் தெரியாத ஒருவரின் அறுவை சிகிச்சையில் அவருக்கும் பங்கு உண்டு. அந்த வரி அங்கே இல்லாவிட்டால், அவர் நோயுற்றால் யார் பங்கு கொடுப்பார் என்று வீட்டில் பேசிப் பாருங்கள்.