கல்கத்தா தோட்டத்தில் விட்ட நத்தை

சீமைத் தோட்டக்காரர்கள் ஹோஸ்டான்னு ஒரு செடி வளர்ப்பாங்க. இலை அழகுக்காகவே வளர்க்கிறது. நத்தைக்கு அது விருந்து, அதனால அதைக் காப்பாத்துறதே அவங்களுக்குப் பெரும்பாடு. எங்க வேங்கிக்கால் வெயிலுக்கு ஹோஸ்டா பிழைக்காது. ஆனா ஐப்பசி மழை பிடிச்சா நத்தைக்குப் பஞ்சமில்லை. சாமந்திக் கன்றை ராத்திரியோட ராத்திரியா மொட்டையடிச்சிட்டுப் போயிடும்.

இதெல்லாம் சின்ன நத்தை, பொறுத்துக்கலாம். சென்னைப் பக்கம் மதில்சுவர் ஏறுதே உள்ளங்கை நீளத்துக்கு ஒண்ணு, ஆப்பிரிக்க ராட்சத நத்தை, அது வந்த கதைதான் இந்தப் பதிவு.

அதோட சொந்த ஊர் கிழக்கு ஆப்பிரிக்கா. மடகாஸ்கர் வழியா மொரீஷியஸ் வந்துச்சு. அங்கிருந்து 1847-ல் கல்கத்தாவுக்குக் கொண்டுவந்தவர் வில்லியம் பென்சன். கம்பெனி உத்தியோகஸ்தர். விவரம் தெரியாதவர்னு நினைச்சுடாதீங்க, இந்திய நத்தைகள் பலவற்றுக்கு முதன்முதலா அறிவியல் பெயர் வெச்சதே அவர்தான்! உயிரோட கொண்டுவந்ததை ஒரு நண்பருக்குக் கொடுக்க, அது சௌரங்கி பக்கத் தோட்டத்தில் போய்ச் சேர்ந்துச்சு. அப்புறம் என்ன, ஒவ்வொண்ணும் ஆணும் பெண்ணுமா இருக்கிற ஜென்மம், ஒரு தடவைக்கு நூறு இருநூறு முட்டை. வெயில் காலத்தில் ஓட்டு வாயை மூடிக்கிட்டு மாசக்கணக்கில் தூங்கும், மழை வந்தா எழுந்துக்கும். செடி மட்டுமில்லை, ஓட்டுக்குச் சுண்ணாம்பு வேணும்னு வெள்ளையடிச்ச சுவரையும் சுரண்டும்.

1900 வாக்கில் இலங்கைக்குப் போச்சு. பத்து வருஷத்தில் அங்கே பூச்சியியலாளர் எர்னஸ்ட் கிரீன் இதைப் பத்தி 'களுத்துறை நத்தை'ன்னு எழுதுற அளவுக்குப் பெருகிடுச்சு. ரெண்டாம் உலகப்போர் சமயத்தில் ஜப்பானியர்கள் சாப்பாட்டுக்குன்னு பசிபிக் தீவுகளுக்கும் தூக்கிட்டுப் போனாங்க.

இனிமேதான் எனக்கு வயித்தெரிச்சல். நத்தையைத் தின்னும் நத்தை ஒண்ணு இருக்கு, ஓநாய் நத்தைன்னு பேர். 1955-ல் அதை ஹவாயில் கொண்டுவந்து விட்டாங்க. 1970-களில் தஹிதி, மூரியா தீவுகளிலும். அது ராட்சதனை விட்டுட்டு, உலகத்தில் வேறெங்குமே இல்லாத அந்தத் தீவுகளின் குட்டி நத்தைகளைத் தின்னு தீர்த்துச்சு. பார்ட்டுலா இனங்கள் பல அடியோட அழிஞ்சுபோச்சு, சிலது மிருகக்காட்சிசாலையில் மட்டும் மிஞ்சிச்சு. உலகின் மோசமான 100 ஊடுருவல் உயிர்கள் பட்டியலில் இப்ப ரெண்டு நத்தையுமே இருக்கு. நோயும் மருந்தும் ஒரே பட்டியலில் :-)

ஜெயிச்ச கதையும் உண்டு. 1966-ல் ஒரு பையன் ஹவாயிலிருந்து மூணு நத்தையை மயாமிக்குக் கொண்டுவந்தான், பாட்டி தோட்டத்தில் விட்டுட்டாங்க. ஏழெட்டு வருஷத்தில் 18,000-க்கு மேல பொறுக்கினாங்க. 1975-ல் ஒழிச்சாச்சுன்னு அறிவிச்சாங்க. செலவு பத்து லட்சம் டாலர். 2011-ல் அதே மயாமியில் மறுபடி வந்து, 2021 வரைக்கும் மோப்ப நாய் வெச்சுத் தேடினது தனிக்கதை.

நம்ம வீட்டுத் தோட்டத்துக்கும் பொறுக்குறதுதான் வழி. சாயங்காலம் ஈரச் சாக்கை விரிச்சு அடியில் பப்பாளி இலையோ முட்டைக்கோஸ் இலையோ போட்டுடுங்க. விடிகாலையில் தூக்கினா கூட்டமா இருக்கும். உப்புத் தண்ணி வாளியில் போடுங்க. பாத்தியில் உப்பைத் தூவாதீங்க, மண்ணும் செடியும் சேர்ந்து போயிடும். கேரளாவில் புகையிலைக் கஷாயத்தோட மயில்துத்தம் கரைச்சும் தெளிக்கிறாங்க. கையுறை கட்டாயம், இந்த நத்தையில் எலியிலிருந்து வர்ற ஒரு புழு இருக்கும், அது மனுஷ மூளைவரை போகும். குழந்தைங்களைத் தொட விடாதீங்க. அப்புறம், மண்ணைக் கொஞ்சம் கிளறிப் பாருங்க. ஜவ்வரிசியைவிடக் கொஞ்சம் பெருசா, வெளிர்மஞ்சளா குவியலா கிடந்தா அதுதான் முட்டை. அதையும் வாளியில் போடுங்க, பக்கத்துக் காலி மனையில் வீசிடாதீங்க.